குற்றக் கும்பல்களின் வரலாற்றை எழுதுவதே தொழிலாக: தொடங்குபவர்களுக்கு ஒரு முழு வழிகாட்டி

நான்கு பேர் சேர்ந்து ஒருவரை அடித்துப் பணத்தைப் பிடுங்கினால் பழைய இந்தியத் தண்டனைச் சட்டப்படி அது கொள்ளை. ஐந்தாவதாக ஒருவர் கூட நின்றிருந்தால் போதும், அது கூட்டுக்கொள்ளை ஆகிவிடும். பிரிவு 391, தண்டனை ஆயுள் வரை போகும். இப்போது வந்திருக்கும் பாரதிய நியாய சன்ஹிதாவில் அதே குற்றம் 310-ஆம் பிரிவு. எண் மாறியது, ஐந்து மாறவில்லை.

1876-78 தாது வருஷப் பஞ்சத்தில் மெட்ராஸ் மாகாணத்தின் போலீஸ் அறிக்கைகளில் கூட்டுக்கொள்ளை வழக்குகள் எகிறின. பசியில் ஊர் திரண்டு தானிய வண்டியை மறித்ததா? ஏற்கெனவே இருந்த கொள்ளைக் கும்பல்கள் பெருத்தனவா? நான்கு பேரைப் பார்த்தவர் பயத்தில் பத்துப் பேர் என்று சொன்னாரா? முன்பு எழுதாமல் விட்டதை எல்லாம் அந்த வருடம் ஸ்டேஷனில் எழுதத் தொடங்கினார்களா? இந்த மாதிரிக் கேள்விகளோடு வருடக்கணக்கில் உட்கார்ந்து, பழைய காகிதங்களைப் புரட்டி, கடைசியில் ஓரளவு நம்பிக்கையோடு ஒரு பதிலைச் சொல்வதுதான் குற்றத்தைப் படிக்கும் சமூக வரலாற்றாளரின் வேலை.

குற்றவியல் படித்தவர் இன்றைய குற்றத்தைத் தடுப்பது எப்படி என்று பார்ப்பார். கிரைம் நிருபருக்கு நாளைக் காலைப் பதிப்புக்குள் செய்தி வேண்டும். நமக்கு வேண்டியது வேறு: ஒரு குறிப்பிட்ட ஊரில், குறிப்பிட்ட காலத்தில், சில ஆட்கள் ஏன் கும்பலாகச் சேர்ந்தார்கள், அவர்களைக் ‘கும்பல்’ என்று யார் முதலில் அழைத்தார்கள், அப்படி அழைத்ததால் யாருக்கு என்ன கிடைத்தது. சாகசத்துக்காக இந்தப் பக்கம் வருகிறவர்கள் சீக்கிரமே சலித்துவிடுவார்கள். ரவுடிகளைச் சந்திக்கும் நாட்களைவிடத் தூசியில் தும்மும் நாட்கள்தான் அதிகம்.

உலகம் முழுவதற்கும் பொருந்துகிற மாதிரி எழுதினால் வழிகாட்டி யாருக்கும் உதவாது. அதனால் மெட்ராஸ் மாகாணத்தையும் இன்றைய தமிழ்நாட்டையும் ஆய்வுக் களமாக வைத்தே எழுதுகிறேன். வெளிநாட்டு உதாரணங்கள் முறையைக் கற்க மட்டும்.

முதல் படி: அடிப்படைப் படிப்பு

வரலாற்றில் இளங்கலை, முதுகலை என்பது நேரான பாதை. ஆனால் தமிழ், சமூகவியல், சட்டம் படித்துவிட்டு வந்தவர்களும் நன்றாகச் செய்கிறார்கள். சட்டம் படித்தவருக்கு ஒரு வசதி உண்டு: குற்றப்பத்திரிகை, அப்ரூவர் (மன்னிப்புக்காக அரசுத் தரப்புச் சாட்சியாக மாறிய கூட்டாளி) வாக்குமூலம், நன்னடத்தைப் பிணை இவையெல்லாம் அவருக்குப் புதிதல்ல. பட்டம் எதுவானாலும் சில கைத்திறன்களை நாமேதான் கற்றுக்கொள்ள வேண்டும். பத்தொன்பதாம் நூற்றாண்டு ஆங்கிலக் கையெழுத்தைத் தடுமாறாமல் படிக்கப் பழக வேண்டும். தினம் ஒரு பக்கம் பார்த்து எழுதினால் இரண்டு மாதத்தில் கண் பழகிவிடும். தலையாரி, கர்ணம், மணியக்காரர், ஜமாபந்தி, மிராசு போன்ற கிராம நிர்வாகச் சொற்கள் அத்துப்படியாக இருக்க வேண்டும். எக்செல் தெரிய வேண்டும். அது எதற்கு என்று பின்னால் சொல்கிறேன்.

இரண்டாம் படி: இத்துறையின் சண்டைகளைத் தெரிந்துகொள்வது

எல்லாவற்றையும் படித்து முடித்துவிட்டுத்தான் தொடங்குவேன் என்று இருந்தால் தொடங்கவே மாட்டீர்கள். ஒரு பெரிய விவாதத்தை எடுத்து, அதை நம் ஊர்க் கதை ஒன்றின் மேல் வைத்துப் பாருங்கள்.

எரிக் ஹாப்ஸ்பாம் 1959-இலும் பிறகு 1969-இலும் ‘சமூகக் கொள்ளையர்’ என்ற கருத்தை வைத்தார். விவசாயச் சமூகங்களில் சில கொள்ளையரை அரசு குற்றவாளி என்கிறது, ஊரோ அவர்களைத் தன் ஆளாகப் பார்க்கிறது. அவர்கள் ஒருவகை எதிர்ப்பின் வடிவம் என்பது அவர் வாதம். 1972-இல் ஆன்டன் பிளாக் இதை மறுத்தார். கொள்ளையர்களுக்குப் பெரும்பாலும் மேலே ஒரு பண்ணையாரோ அரசியல்வாதியோ பாதுகாப்பு இருந்தது, அவர்கள் ஏழைகளையே அதிகம் வதைத்தார்கள், நல்ல கொள்ளையன் என்பது மக்களின் ஆசையில் உருவான பிம்பம் என்றார்.

சரி, இதை வைத்துக்கொண்டு ஜம்புலிங்கம் நாடாரைப் பாருங்கள். திருநெல்வேலிச் சீமையில் பேர்போன கொள்ளைக்காரர், 1923-இல் கொல்லப்பட்டார். அவரைப் பற்றி நம்மிடம் மூன்று வகைச் சான்றுகள் இருக்கின்றன. ஒன்று, அரசு ஆவணம். அதில் அவர் தேடப்படும் டகாயிட், அதாவது கூட்டுக்கொள்ளைக்காரர். எத்தனை வழக்கு, எவ்வளவு சொத்து போயிற்று, யார் பிடித்தார்கள் என்பதே அங்கே விஷயம். இரண்டு, டோனாவூரில் ஆதரவற்ற குழந்தைகளுக்கு இல்லம் நடத்திய ஏமி கார்மைக்கேல் அம்மையார் 1927-இல் வெளியிட்ட புத்தகம். அதில் ஜம்புலிங்கத்தின் பெயர் ராஜ். கொடுமையால் கொள்ளைக்குத் தள்ளப்பட்டு, பிறகு மனம் திரும்பிய ஆத்மா. மூன்று, மக்கள் பாடிய கதைப்பாடல். அதில் அவர் இல்லாதவர்க்குக் கொடுத்த வீரர்.

மூன்றையும் கலக்கி ஒரு ‘உண்மையான ஜம்புலிங்கத்தை’ எடுத்துவிடலாம் என்றுதான் முதலில் தோன்றும். அப்படிச் செய்யாதீர்கள். போலீஸ் கோப்பு தண்டனை வாங்கித் தரவும், தேடுதல் செலவை நியாயப்படுத்தவும் எழுதப்பட்டது. மிஷனரியின் புத்தகம் இங்கிலாந்தில் இருந்த விசுவாசிகளின் மனதைத் தொட எழுதப்பட்டது. பாடல், கேட்கிறவர்கள் மடியில் இருந்து காசை எடுக்கப் பாடப்பட்டது. மூன்றும் எந்த இடத்தில் ஒத்துப்போகின்றன என்று ஒரு தாளில் எழுதுங்கள். பிறகு, ஒருவர் சொல்லி மற்ற இருவர் சொல்லாமல் விட்டது எது என்று எழுதுங்கள். இரண்டாவது பட்டியலில்தான் ஆய்வு தொடங்குகிறது. அவருக்குச் சோறு போட்ட வீடுகள் எவை, காட்டிக்கொடுத்தவர்கள் யார், அவர்களுக்குள் நிலத்தகராறு இருந்ததா என்று போனால் ஹாப்ஸ்பாமும் பிளாக்கும் சொன்னதில் எது இங்கே பொருந்துகிறது என்று நீங்களே சொல்ல முடியும்.

மூன்றாம் படி: தலைப்பைச் சுருக்குவது

‘தமிழகத்தில் குற்றமும் சமூகமும்’ என்று யாராவது தலைப்பு வைத்தால் வழிகாட்டி பேராசிரியரே பயந்துவிடுவார். ஒரு தாலுகா, இருபது வருடம், ஒரு வகைக் குற்றம்: இந்த அளவு போதும்.

நல்ல வேலைக்கு இடம் இருக்கும் சில பகுதிகளைச் சொல்கிறேன். மதுவிலக்கு ஒன்று. 1937-இல் ராஜாஜி சேலம் மாவட்டத்தில் தொடங்கினார், 1948-இல் மாகாணம் முழுக்க வந்தது, 1971-இல் தளர்ந்தது, 1974-இல் திரும்ப வந்தது. ஒவ்வொரு திருப்பத்திலும் காய்ச்சியவர், கடத்தியவர், விற்றவர், மாமூல் வாங்கியவர் என்று ஒரு வலை உருவாகிக் கலைந்திருக்கிறது. ஒரே ஒரு மாவட்டத்தில் அந்த வலையைத் தொடர்ந்தாலே ஒரு முனைவர் பட்டம் நிற்கும். மதுரைப் பக்கத்துக் காவல் முறை இன்னொன்று. மாடு திருடு போனால் துப்புக்கூலி கொடுத்து மீட்பது, அதை எதிர்த்து 1896 வாக்கில் நடந்த ‘பண்டு’ இயக்கம் எல்லாம் அதில் வரும். திருட்டும் பாதுகாப்பும் ஒரே ஆட்கள் கையில் இருந்தால் அதைக் குற்றம் என்பதா, ஊர் நிர்வாகம் என்பதா என்று மண்டையை உடைத்துக்கொள்ளலாம். குற்றப் பழங்குடிகள் என்று முத்திரை குத்தப்பட்டவர்களை அடைத்து வைத்த குடியேற்றங்கள் மூன்றாவது. அவற்றில் சிலவற்றை நடத்தியது சால்வேஷன் ஆர்மி என்ற கிறிஸ்தவ அமைப்பு.

நகரம்தான் வேண்டும் என்கிறவர்களுக்கு வடசென்னை இருக்கிறது. ஆனால் ‘வடசென்னை ரவுடிகள்’ என்று சினிமா காட்டுவதை அப்படியே தலைப்பாக்காதீர்கள். மில், துறைமுகம், குடிசை மாற்று வாரியக் குடியிருப்பு, தொழிற்சங்கம் என்று ஏதாவது ஒரு நிறுவனத்தின் வழியாக உள்ளே போங்கள். பக்கிங்காம் கர்நாடிக் மில் வேலைநிறுத்தத்தை ஒட்டி 1921-இல் நடந்த புளியந்தோப்புக் கலவரம் அப்படி ஒரு வாசல்.

நான்காம் படி: ஆவணக் காப்பகம்

இங்கேதான் உங்கள் பாதி ஆயுள் போகப் போகிறது, அதனால் விரிவாகவே சொல்கிறேன்.

எழும்பூரில் இருக்கும் தமிழ்நாடு ஆவணக் காப்பகம் முதல் இடம். உங்கள் நிறுவனத்திலிருந்து அறிமுகக் கடிதம், அடையாள அட்டை, ஆய்வுத் தலைப்பு இவற்றோடு அனுமதிக்கு விண்ணப்பிக்க வேண்டும். தலைப்பில் ‘சாதிக் கலவரம்’ ‘ரகசியம்’ என்றெல்லாம் கொட்டை எழுத்தில் எழுதாமல் ‘காவல் நிர்வாகமும் ஊரகச் சமூகமும்’ என்கிற மாதிரி எழுதினால் அனுமதி வாங்கும் இடத்தில் பேச்சு குறையும். இது ஏமாற்று வேலை இல்லை. நீங்கள் செய்யப் போவதும் அதுதானே.

உள்ளே போனதும் நேரடியாகக் ‘கொள்ளை பற்றிய கோப்பு கொடுங்கள்’ என்று கேட்டால் யாராலும் உதவ முடியாது. எல்லாம் ஜி.ஓ. (அரசாணை) எண், துறை, தேதி என்ற மூன்றில் ஓடுகிறது. முதலில் ஆண்டுவாரியாக இருக்கும் அட்டவணைகளைப் பாருங்கள். காலனியக் காலத்துப் போலீஸ் விவகாரம் நீதித்துறை, பொதுத்துறை, உள்துறை என்று காலத்துக்குக் காலம் வேறு வேறு துறைத் தலைப்பில் இருக்கும். வருவாய் வாரிய நடவடிக்கைகளை விட்டுவிடாதீர்கள். கிராம ஊழியரின் சம்பளம், தலையாரி மானியம் பற்றிய தகராறில்தான் ஊர்க்காவலின் உள்விவகாரம் வெளியே வரும். எண்களைக் குறித்து, சீட்டு எழுதிக் கொடுத்துக் காத்திருக்க வேண்டும். சில கட்டுகள் ‘இல்லை’ என்று திரும்பும், சில கட்டுகள் கை பட்டதும் உதிரும். அதனால் ஒரே நாளில் வெவ்வேறு ஆண்டுகளுக்குச் சீட்டுப் போட்டு வையுங்கள்.

ஒரு கட்டு கைக்கு வந்ததும் எப்படிப் படிப்பது? பெரும்பாலானவர்கள் கடைசிப் பக்கத்து உத்தரவை மட்டும் படமெடுத்துக்கொண்டு நகர்வார்கள். நான் தலைகீழாகச் செய்யச் சொல்வேன். உத்தரவைக் கடைசியில் படியுங்கள். முதலில் உள்ளே தைத்திருக்கும் கீழ்மட்டக் கடிதங்களுக்குப் போங்கள்: இன்ஸ்பெக்டர் சூப்பிரண்டெண்டுக்கு எழுதியது, சூப்பிரண்டெண்ட் கலெக்டருக்கு எழுதியது, கலெக்டர் கோட்டைக்கு எழுதியது. ஒவ்வொரு படியிலும் ஆட்களின் பெயர்கள் குறைந்துகொண்டே வந்து, சாதிப்பெயர் பெரிதாகிக்கொண்டே போவதைப் பல கோப்புகளில் காணலாம். கீழே ‘இன்னாரின் மகன் இன்னார், வயது இத்தனை’ என்று இருந்தவர், மேலே போகும்போது ‘இந்த வகுப்பார்’ ஆகிவிடுவார். ஒரு மனிதன் செய்த காரியம் ஒரு கூட்டத்தின் சுபாவமாக மாறும் இடம் அந்தக் கடிதங்களுக்கு நடுவில் இருக்கிறது.

இது வெறும் நடைப் பிரச்சினை இல்லை. 1871-இல் வட இந்தியாவில் வந்த குற்றப் பழங்குடிகள் சட்டம் 1911 சட்டத்தின் மூலம் மெட்ராஸ் மாகாணத்துக்கும் நீண்டது. இங்கே மக்கள் அதை ரேகைச் சட்டம் என்றார்கள், கைரேகை எடுத்துப் பதிவு செய்ததால். பிறந்த சாதியை வைத்தே போலீசில் ஆஜராக வேண்டும், ஊர் விட்டு ஊர் போனால் சொல்ல வேண்டும். 1920 ஏப்ரல் 3 அன்று உசிலம்பட்டிப் பக்கம் பெருங்காமநல்லூரில் இந்தப் பதிவை எதிர்த்த பிரமலைக் கள்ளர் மக்கள் மேல் போலீஸ் சுட்டது. மாயக்காள் என்ற பெண் உட்படப் பலர் செத்தார்கள். மெட்ராசில் 1947-இலும் நாடு முழுக்க 1952-இலும் அந்தச் சட்டம் ஒழிந்தது. அதற்கு அடித்தளமாக இருந்தவை, 1892-இல் முல்லாலி என்ற போலீஸ் அதிகாரி மெட்ராஸ் மாகாணத்தின் ‘குற்ற வகுப்புகள்’ பற்றி எழுதியது போன்ற கையேடுகள். இன்றைக்கும் அந்தக் கையேடுகளை வரலாற்றுச் சான்றாக மேற்கோள் காட்டும் ஆய்வேடுகள் வருகின்றன. முல்லாலி எந்தச் சாதி எப்படித் திருடியது என்பதற்குச் சாட்சி அல்ல; போலீஸ் அப்படி நினைத்தது என்பதற்கு மட்டுமே சாட்சி. இந்த ஒன்றை மனதில் வைத்துக்கொண்டால் இத்துறையில் பாதிக் கிணறு தாண்டியாயிற்று.

காவலர்களையும் அதே கண்ணால் பார்க்க வேண்டும். 1855-இல் மெட்ராஸ் சித்திரவதை விசாரணைக் குழுவின் அறிக்கை வந்தது. வரி வசூலுக்கும் வாக்குமூலத்துக்கும் மக்களை எப்படி வதைத்தார்கள் என்று அரசே பதிவு செய்தது. 1859-இல் புதிய போலீஸ் சட்டம் வந்ததன் பின்னணியில் அந்த அறிக்கையும் உண்டு. அதனால் எந்த வாக்குமூலத்தைப் படித்தாலும் அது எந்த நிலையில் வாங்கப்பட்டிருக்கும் என்று கேளுங்கள். அப்ரூவர் வாக்குமூலம் என்றால் இரட்டிப்பு எச்சரிக்கை. தக்கர்கள் என்ற வழிப்பறிக் கொலைக் கும்பல்களை ஒழித்ததாகச் சொல்லப்பட்ட ஆங்கிலேய அதிகாரி ஸ்லீமன் 1830-களில் கட்டிய வழக்குகள் அப்ரூவர்கள் மேல்தான் நின்றன. உயிர் தப்ப வேண்டுமானால் நிறையச் சொல்ல வேண்டும் என்ற நிலையில் இருந்தவர்கள் அவர்கள்.

எழும்பூரைத் தாண்டி: செஷன்ஸ் நீதிமன்றப் பழைய கட்டுகள் காலக்கெடு முடிந்ததும் அழிக்கப்பட்டிருக்கும். ஆனால் மரண தண்டனையை உயர் நீதிமன்றம் உறுதி செய்தாக வேண்டும் என்பதால் அந்த வழக்குகளின் சாரம் தீர்ப்புத் தொகுப்புகளில் நிற்கும். இந்திய சட்ட அறிக்கைகளின் மெட்ராஸ் வரிசை 1876 முதல் இருக்கிறது. டெல்லியில் தேசிய ஆவணக் காப்பகம், அதன் ‘அபிலேக் படல்’ இணையதளம். லண்டனில் பிரிட்டிஷ் நூலகத்தின் இந்தியா ஆபீஸ் ஆவணங்கள். இவற்றுக்குப் போகும் முன் எழும்பூரை முடித்துவிடுங்கள். லண்டனில் பார்ப்பதில் கணிசமான பகுதியின் மூலப்பிரதி இங்கேயே இருக்கும்.

ஐந்தாம் படி: செய்தித்தாளும் தெருப்பாட்டும்

போலீஸ் ஆவணமே இல்லாமல் கும்பல் வரலாறு எழுத முடியுமா? முடியும் என்று ஆண்ட்ரூ டேவிஸ் மான்செஸ்டரை வைத்துக் காட்டியிருக்கிறார். 1870 முதல் 1890-கள் வரை மான்செஸ்டர், சால்ஃபோர்டு நகரங்களின் தொழிலாளர் தெருக்களில் ‘ஸ்கட்லர்’ என்ற இளைஞர் கும்பல்கள் அடித்துக்கொண்டன. பெங்கால் தெருப் பையன்களுக்குப் பெங்கால் டைகர்ஸ் என்று பெயர். பித்தளை முனை வைத்த மரச் செருப்பு, கீழே விரிந்த கால்சட்டை, கனமான பக்கிள் வைத்த பெல்ட், நெற்றியில் விழும் முடி. பெல்ட்தான் ஆயுதமும். மில்லிலும் பட்டறையிலும் முழுநேரம் உழைத்த பையன்கள் இவர்கள். வேலையற்ற ஊதாரிகள் இல்லை. அவர்களோடு பெண்களும் சண்டைக்கு நின்றார்கள். இத்தனையும் உள்ளூர்ப் பத்திரிகைகளின் நீதிமன்றச் செய்திப் பத்திகளை வருடம் வருடமாகப் படித்ததில் கிடைத்தவை.

அதே ஆய்வாளர் கிளாஸ்கோவுக்குப் போனபோது இன்னொரு பாடம் கிடைத்தது. 1931-இல் அங்கே போலீஸ் தலைவராக வந்த பெர்சி சில்லிட்டோ, தெருக் கும்பல்களை ஒடுக்கியவர் என்று பேர் வாங்கினார்; தன் நினைவுக் குறிப்பிலும் அப்படியே எழுதினார். பத்திரிகைகளைப் புரட்டினால் அவர் காலத்திலேயே சண்டைகள் தொடர்ந்து நடந்திருக்கின்றன. ஓய்வு பெற்ற போலீஸ் அதிகாரிகளின் சுயசரிதைகளை நம் ஊரிலும் இப்படி ஒப்பிட்டுப் பார்க்க யாராவது முன்வர வேண்டும்.

நமக்கு சுதேசமித்திரன், தி ஹிந்து, மெட்ராஸ் மெயில், 1942-க்குப் பிறகு தினத்தந்தி என்று நிறைய இருக்கிறது. பழைய தமிழ்ப் பத்திரிகைகள் முழுசாகக் கிடைக்காத இடங்களில், அரசு வாராவாரம் தயாரித்த சுதேசிப் பத்திரிகை அறிக்கைகள் கைகொடுக்கும். அவை அதிகாரிகள் தேர்ந்தெடுத்து மொழிபெயர்த்த துண்டுகள். அரசுக்குக் கோபம் வந்த செய்திகள் அதிகமாகவும் சாதாரணச் செய்திகள் குறைவாகவும் இருக்கும்.

அப்புறம் கொலைச்சிந்து. கொலை, கொள்ளை, தூக்கு என்று பரபரப்பான வழக்கு ஏதாவது நடந்தால் சில நாட்களில் பாட்டுப் புத்தகம் அச்சாகிச் சந்தையிலும் ரயிலிலும் விற்கும். சென்னையில் குஜிலிக் கடைத்தெரு இதற்குப் பேர்போனது. தரமணியில் இருக்கும் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்தில் இந்த வகை மலிவு அச்சு நூல்களைப் பார்க்கலாம். பாட்டில் வரும் தேதியையும் தொகையையும் நம்ப வேண்டாம். யார் மேல் பரிதாபம் வரும்படி பாடியிருக்கிறார்கள் என்று பாருங்கள். அது எந்த ஜி.ஓ.விலும் கிடைக்காது.

வீட்டில் இருந்தபடியே கை பழக வேண்டுமா? லண்டன் ஓல்ட் பெய்லி நீதிமன்றத்தின் 1674 முதல் 1913 வரையிலான வழக்கு நடவடிக்கைகள் இணையத்தில் இலவசம். கிட்டத்தட்ட இரண்டு லட்சம் வழக்குகள். நாற்பது, ஐம்பது வழக்குகளை எடுத்து அடுத்து சொல்லப் போகும் அட்டவணையைப் போட்டுப் பாருங்கள்.

ஆறாம் படி: அட்டவணை

எக்செலைத் திறங்கள். ஒரு ஆளுக்கு ஒரு வரி. பெயர், ‘என்கிற’ போட்ட பட்டப்பெயர், தகப்பன் பெயர், வயது, ஊர், தெரு, சாதி என்று கோப்பு எழுதியது, தொழில், யாரோடு சேர்த்துப் பிடிபட்டார், அடையாளம் காட்டியவர் யார், தீர்ப்பு, கோப்பு எண். சலிப்பான வேலைதான். ஆனால் சில நூறு வரிகள் சேர்ந்ததும், கோப்பில் தெரியாதது தெரியத் தொடங்கும். வேறு வேறு வழக்கில் ஒரே சாட்சி வருவார். ‘கும்பல்’ என்று போலீஸ் சொன்ன பன்னிரண்டு பேரில் எட்டுப் பேர் ஒரே பண்ணையில் வேலை செய்தவர்களாக இருப்பார்கள். இவர்கள் கும்பலா, கூலி கேட்டுத் தகராறு செய்தவர்களா என்ற கேள்வி அப்போதுதான் எழும்.

பெயரை ஆங்கிலத்தில் எழுதிய குமாஸ்தாக்கள் ஒருவரையே ஐந்து விதமாக எழுதியிருப்பார்கள். கோப்பில் இருக்கும் எழுத்தை ஒரு கட்டத்திலும் நீங்கள் ஊகித்த தமிழ்ப் பெயரை இன்னொரு கட்டத்திலும் போடுங்கள். இரண்டையும் ஒன்றாக்கிவிட்டால் பிறகு பிரிக்கவே முடியாது.

ஏழாம் படி: உயிரோடு இருப்பவர்களிடம் போவது

1950-க்குப் பிந்தைய தலைப்பு என்றால் மனிதர்களிடம் பேசாமல் முடியாது. இங்கே ஆர்வத்தைவிட நிதானம் முக்கியம்.

பாஸ்டன் கல்லூரியின் கதையை இந்தத் துறையில் எல்லோரும் தெரிந்து வைத்திருக்க வேண்டும். வட அயர்லாந்தில் ஆயுதக் குழுக்களில் இருந்தவர்களிடம் 2001 முதல் வாய்மொழி நேர்காணல்கள் எடுத்தார்கள். நீங்கள் இறக்கும்வரை வெளிவராது என்று வாக்குக் கொடுத்தார்கள். 2011-இல் அந்த ஒலிநாடாக்களைக் கேட்டு நீதிமன்ற உத்தரவு வந்தது, கடைசியில் சில நாடாக்கள் போலீஸ் கைக்குப் போயின. பல்கலைக்கழகம் தரக்கூடிய வாக்குக்குச் சட்டத்தின் முன் எவ்வளவு மதிப்பு என்பது அன்று தெரிந்துவிட்டது.

நம் நாட்டில் வக்கீலுக்கு இருப்பது போன்ற பாதுகாப்பு ஆய்வாளருக்குக் கிடையாது. கொலை, கூட்டுக்கொள்ளை போன்ற சில கடும் குற்றங்கள் பற்றித் தகவல் தெரிந்தால் போலீசுக்குச் சொல்ல வேண்டும் என்று சட்டமே சொல்கிறது. முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டம் பிரிவு 39, இப்போது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா பிரிவு 33. ஆகவே நடக்கும் வழக்கு, தீராத கொலை, தலைமறைவானவர் இருக்கும் இடம் இவற்றைக் கேட்கவே கேட்காதீர்கள். எதிரில் இருப்பவர் பேச்சு வாக்கில் அந்தப் பக்கம் போனால், ‘அண்ணே, அது வேண்டாம், நீங்க மில்லுல சேர்ந்த கதையச் சொல்லுங்க’ என்று திருப்பிவிடுங்கள். உண்மையில் ஆய்வுக்கு வேண்டியதும் மில்லில் சேர்ந்த கதைதான்: யார் வேலை வாங்கித் தந்தார், முதல் சண்டை எதற்கு, எந்தக் கட்சிக்காரர் ஜாமீன் எடுத்தார்.

பேசியவர் பெயரை மாற்றினால் மட்டும் போதாது. தெருவும் வருடமும் வழக்கும் இருந்தால் அந்த ஏரியாக்காரர்கள் ஒரு நிமிடத்தில் ஆளைச் சொல்லிவிடுவார்கள். ஆளை மட்டும் சந்தித்துவிட்டு வராமல், அதே தெருவில் அவரால் அடிபட்டவர்கள், கடை வைத்திருந்தவர்கள், ஓய்வு பெற்ற ஏட்டு, வக்கீல் குமாஸ்தா இவர்களிடமும் போங்கள். பெண்கள் சொல்லும் கதை முற்றிலும் வேறாக இருக்கும்: ஜெயிலுக்கு மனு போட்டது, வட்டிக்கு வாங்கியது, பிள்ளையைப் பாட்டி வீட்டில் விட்டது.

சமீபகால ஆவணத்துக்கு அதிகம் பேர் கவனிக்காத ஒரு வழி உண்டு. விசாரணை இல்லாமல் தடுப்புக் காவலில் வைக்க வழி செய்யும் 1982-இன் குண்டர் சட்டத்தில் ஒருவரை அடைத்தால் குடும்பத்தார் பெரும்பாலும் உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு போடுவார்கள். அந்தத் தீர்ப்புகளில் அவர் மேல் இருந்த பழைய வழக்குகள், ஸ்டேஷன், பிரிவுகள், அடைத்த காரணம் எல்லாம் வரும், இந்தியன் கானூன் போன்ற தளங்களில் இலவசமாகக் கிடைக்கும். தகவல் உரிமைச் சட்டத்தில் 8(3) பிரிவு, இருபது வருடத்துக்கு முந்தைய விஷயங்களுக்குப் பல விலக்குகளைத் தளர்த்துகிறது. மனுவில் அதைக் குறிப்பிட்டே கேளுங்கள்.

எட்டாம் படி: பட்டம், பணம், வேலை

வருடத்துக்கு இரண்டு முறை நடக்கும் நெட் (தேசியத் தகுதித்) தேர்வை முதுகலை இறுதியாண்டிலேயே எழுதத் தொடங்குங்கள். அதில் ஜே.ஆர்.எஃப். என்ற ஆய்வு உதவித்தொகை கிடைத்தால் மாதம் 37,000 ரூபாய், பிறகு 42,000, கூடவே வீட்டு வாடகைப் படி. 2024 முதல் பிஎச்.டி. சேர்க்கைக்கும் நெட் மதிப்பெண்ணைப் பயன்படுத்தலாம் என்று யு.ஜி.சி. (பல்கலைக்கழக மானியக் குழு) சொல்லிவிட்டது, மாநிலப் பல்கலைக்கழகங்கள் பல தனி நுழைவுத் தேர்வும் வைக்கின்றன. இந்திய வரலாற்று ஆராய்ச்சிக் கழகத்தின் உதவித்தொகை, லண்டன் ஆவணங்களைப் பார்க்கச் சார்லஸ் வாலஸ் அறக்கட்டளையின் குறுகியகால நிதி, பிரிட்டனில் படிக்க காமன்வெல்த், ஃபெலிக்ஸ் உதவித்தொகைகள் இருக்கின்றன.

வழிகாட்டியைத் தேர்ந்தெடுக்கும்போது அவர் குற்ற வரலாறு எழுதியவரா என்று பார்ப்பதைவிட, அவர் மாணவர்கள் எத்தனை வருடத்தில் முடித்தார்கள் என்று விசாரியுங்கள். காலனியக் காலத்து விவசாயம், தொழிலாளர் வரலாறு தெரிந்தவர் போதும்.

வேலை பற்றிப் பூசி மெழுகாமல் சொல்கிறேன். உதவிப் பேராசிரியர் பணியின் தொடக்க அடிப்படைச் சம்பளம் 57,700 ரூபாய், ஆனால் அரசுக் கல்லூரி இடங்கள் ஆசிரியர் தேர்வு வாரியம் அறிவிக்கும்போதுதான் வரும். இடையில் வருடங்கள் ஓடிவிடும். பலர் கௌரவ விரிவுரையாளராகச் சொற்பச் சம்பளத்தில் காத்திருக்கிறார்கள். அதனால் இரண்டாவது வருமானம் ஒன்றைப் பிஎச்.டி. காலத்திலேயே உருவாக்குங்கள். ஆவணப் படக் குழுக்களுக்கும் வெப் தொடர்களுக்கும் ஆய்வாளர் தேவைப்படுகிறார். சீர்மரபினர் (முன்பு குற்றப் பழங்குடிகள் என்று முத்திரை குத்தப்பட்டவர்கள்) உரிமைக்காக வேலை செய்யும் அமைப்புகளுக்குப் பழைய அரசாணைகளைத் தேடித் தர ஆள் வேண்டும். சாதிச் சான்றிதழ் வழக்குகளில் இந்தத் தேடல் நேரடியாக உதவுகிறது. எழும்பூரில் பழைய கமிஷனர் அலுவலகத்தில் 2021-இல் திறந்த காவல் அருங்காட்சியகம் போன்ற இடங்களும் இருக்கின்றன. படக் குழுவோடு போகிறவர்கள் ஒன்றை மட்டும் ஒப்பந்தத்தில் எழுதி வாங்குங்கள்: நேர்காணல் குறிப்புகள் உங்களுடையவை, தயாரிப்பாளருடையவை அல்ல.

ஒன்பதாம் படி: எழுதுவதும் வெளியிடுவதும்

ஆய்வேட்டுக்கு முன்பே ஒரு கட்டுரை வெளிவந்துவிட வேண்டும். இந்தியன் எகனாமிக் அண்ட் சோஷியல் ஹிஸ்டரி ரிவ்யூ, எகனாமிக் அண்ட் பொலிட்டிகல் வீக்லி இங்கே பார்க்கப்படுபவை. குற்ற வரலாற்றுக்கென்றே ஆங்கிலமும் பிரெஞ்சும் சேர்ந்து வரும் ‘கிரைம், ஹிஸ்டரி அண்ட் சொசைட்டீஸ்’ 1997 முதல் இருக்கிறது. வேலைக்கு ஆங்கிலக் கட்டுரை கணக்கில் வரும். ஆனால் யாருடைய தாத்தா கைரேகை வைத்தாரோ அவர்கள் படிக்கப் போவது தமிழில்தான், ஆகவே தமிழில் எழுதுவதை ஓய்வுக்குப் பிறகு என்று தள்ளாதீர்கள்.

தமிழில் எழுதினால் இரண்டு பக்கத்திலிருந்தும் வரும். ‘எங்கள் சமூகத்தைத் திருடர் என்கிறான்’ என்று ஒரு தரப்பு, ‘திருடனை வீரனாக்குகிறான்’ என்று மறுதரப்பு. சாதிச் சங்கத்துக்காரர் போன் செய்தால் எரிச்சல்படாமல், எந்தப் பக்கம், எந்த வரி என்று கேளுங்கள். சில சமயம் அவர் வீட்டுப் பெட்டியில் நீங்கள் தேடிய பழைய பதிவுச்சீட்டு இருக்கும். சாதிப் பெயரைக் கோப்பு எழுதியது போலவே எழுத வேண்டிய இடத்தில் மேற்கோள் குறிக்குள் போட்டு, அது யார் சொன்னது என்று அதே வாக்கியத்தில் சொல்லிவிடுங்கள். அடிக்குறிப்பில் சொன்னால் யாரும் படிக்க மாட்டார்கள்.

உயிரோடு இருப்பவரைப் பற்றி எழுதும் ஒவ்வொரு வரிக்கும் தீர்ப்போ ஆவணமோ கையில் இருக்க வேண்டும். ‘குற்றம் சாட்டப்பட்டார்’, ‘தண்டிக்கப்பட்டார்’, ‘மேல்முறையீட்டில் விடுதலையானார்’ மூன்றும் வேறு வேறு. கீழ்க்கோர்ட்டுத் தண்டனையோடு நிறுத்திவிட்டு மேல்முறையீட்டைப் பார்க்காமல் அச்சுக்கு அனுப்பினால் அவதூறு வழக்கு வரும், வந்தால் தோற்பீர்கள். பதினெட்டு வயதுக்குக் கீழ் வழக்கில் சிக்கியவரின் பெயரை எழுதவே கூடாது, அவர் இன்று அறுபது வயதுக்காரராக இருந்தாலும். கையெழுத்துப் பிரதியை அச்சுக்குக் கொடுக்கும் முன் குற்ற வழக்கு நடத்தும் வக்கீல் ஒருவரிடம் கொடுத்து, பெயர் வரும் பக்கங்களை மட்டுமாவது வாசிக்கச் சொல்லுங்கள். அதற்கு அவர் கேட்கும் கட்டணத்தையும் ஆய்வுச் செலவில் முன்கூட்டியே எழுதி வையுங்கள்.